ஜாங்கோவின் இரண்டு விரல்: 1938 படத்தில் நாம் கேட்பதும் பார்ப்பதும் ஒன்றுதானா?

மரப்பெட்டி

வணக்கம். மூன்று வருடமாகக் கிட்டார் வாசிக்கிறேன், அதில் கடைசி எட்டு மாதம் முழுக்க ஜாங்கோ ரைன்ஹார்ட் என்ற பழைய ஜாஸ் கிட்டார்காரர் மேல் பைத்தியம். எல்லோரும் பார்த்திருக்கும் அந்தப் படத்துண்டுதான், 1938இல் எடுத்தது, ஜாங்கோவும் வயலின்காரர் ஸ்டெஃபான் கிராப்பெல்லியும் தங்கள் குழுவோடு 'ஜாத்தாந்த்ரே' என்ற பாட்டை வாசிப்பார்களே, அதைத் தினம் இரவு போட்டுப் பார்த்து விரலைப் பின்பற்ற முயற்சி செய்கிறேன். இரண்டு சந்தேகம். முதலாவது, அங்கே கேட்கும் சத்தம் அந்தக் கை வாசித்த சத்தம்தானா, இல்லை முன்பே பதிவு செய்ததைப் போட்டுவிட்டுக் கையசைத்தார்களா? சில இடங்களில் விரல் சரியாகப் பொருந்துகிறது, சில இடங்களில் கொஞ்சம் நழுவுகிற மாதிரி இருக்கிறது. இரண்டாவது, என் கிட்டாரைக் கருவி வைத்துச் சரியாகச் சுருதி சேர்த்துவிட்டுப் படத்தோடு வாசித்தால் ஒட்டவே இல்லை. அரைச் சுரம் ஏற்றினாலும் சரியாக வரவில்லை, நடுவில் எங்கேயோ நிற்கிறது. என் காதில்தான் கோளாறா?

சும்மாவந்தவன்

இதில் சந்தேகம் என்ன இருக்கிறது? 1938இல் எடுத்த குறும்படம், நிச்சயம் பின்னணிதான். நம் சினிமாவில் கதாநாயகி வீணையை மடியில் வைத்துக்கொண்டு கம்பியைத் தடவிக்கொடுப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாம், இதற்கெல்லாம் ஏமாறலாமா? படத்தில் முதலில் சீட்டாடிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள், அப்புறம் திடீரென்று ஆளுக்கொரு கருவி கையில். முழுக்க நாடகம்.

பழந்தட்டு

சும்மாவந்தவன் சொல்வதில் பாதி சரி. சீட்டாட்டம் நாடகம்தான், அது இயக்குநர் உட்காரவைத்த காட்சி. ஆனால் வீணை தடவும் நாயகியோடு இதைச் சேர்க்காதீர்கள். அங்கே வாசிப்பவர் வேறு, நடிப்பவர் வேறு. இங்கே சத்தம் எப்போது பதிவானதாக இருந்தாலும் வாசித்தது அந்தக் கைதான். தன் பாட்டுக்குத் தானே கையசைத்தாலும் விரல் பொய் சொல்லாது, ஏனென்றால் வேறு எப்படியும் வாசிக்க அவருக்குத் தெரியாது, முடியவும் முடியாது.

புதிதாக வருபவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். ஜாங்கோ 1910இல் பெல்ஜியத்தில் லிபர்ஷி என்ற ஊர்ப்பக்கம் நாடோடி வண்டியில் பிறந்த ரோமா இனத்துக்காரர். 1928இல், பதினெட்டு வயதில், பாரிஸ் எல்லையில் அவர்கள் தங்கியிருந்த வண்டி தீப்பிடித்தது. மனைவி விற்பதற்காகச் செய்து குவித்திருந்த செல்லுலாய்டு பூக்களில் மெழுகுவத்தி நெருப்பு விழுந்துவிட்டது. இடது கையில் மோதிர விரலும் சுண்டு விரலும் சுருங்கி மடங்கிப் போயின. ஒன்றரை வருடம் படுக்கை. அந்தப் படுக்கையில்தான் மிச்சம் இரண்டு விரலுக்கு வாசிப்பைப் புதிதாகக் கட்டினார். தனிவாசிப்பு முழுக்க ஆள்காட்டி விரலும் நடுவிரலும். மடங்கிய விரல்கள் கார்டு (பல சுரம் ஒன்றாக ஒலிப்பது) பிடிக்கும்போது மேல் கம்பிகளில் கொஞ்சம் ஒத்தாசை செய்யும், அவ்வளவுதான்.

பாரிஸில் 1934இல் இவரும் கிராப்பெல்லியும் வாசித்த ஹாட் கிளப் ஐவர் குழு தொடங்கியது: ஒரு வயலின், மூன்று கிட்டார், ஒரு டபுள் பேஸ். டிரம்ஸ் கிடையாது, ஊதுகருவி கிடையாது. தாளத்தை மற்ற இரண்டு கிட்டார்களும் பேஸும்தான் இழுத்துக்கொண்டு போகும். நீங்கள் சொல்லும் துண்டு 'ஜாஸ் ஹாட்' என்ற சில நிமிடக் குறும்படத்தில் வருவது. முதலில் ஒரு பெரிய வாத்தியக் குழுவைக் காட்டி, ஜாஸ் என்றால் இதிலிருந்து எப்படி வேறு என்று ஆங்கிலத்தில் பாடம் நடத்துவார்கள். அந்தப் பாடத்தை நான் எப்போதும் தாவிவிடுவேன். ஜாங்கோவின் சத்தமும் விரலும் சேர்ந்து ஒரு முழுப் பாட்டு அளவுக்கு நமக்குக் கிடைப்பது இது ஒன்றுதான். இசைத்தட்டுகள் நூற்றுக்கணக்கில் இருக்கின்றன, கை மட்டும் இந்த ஓர் இடத்தில்தான்.

ரீல்பெட்டி

மரப்பெட்டி, உங்கள் காதில் கோளாறு இல்லை. நான் பழைய படச்சுருள்களைக் கணினிக்கு மாற்றும் வேலையில் பல வருடம் இருந்தவன், இது எங்களுக்குத் தினசரித் தலைவலி. பேசும்படம் விநாடிக்கு 24 ஃபிரேம் ஓடும். ஐரோப்பியத் தொலைக்காட்சிக்கு மாற்றும்போது அதை 25இல் ஓட்டிவிடுவார்கள். ஏறக்குறைய நூற்றுக்கு நான்கு பங்கு வேகம் கூடும், சுருதியும் கூடவே ஏறும். எவ்வளவு ஏறும் என்றால் அரைச் சுரத்தில் முக்கால் பங்குக்குச் சற்றுக் குறைவு. அதாவது நீங்கள் சொன்ன அதே "நடுவில் எங்கேயோ". இணையத்தில் சுற்றும் பிரதிகளில் பல இப்படித் தொலைக்காட்சி வழியாக வந்தவை. நூற்றுக்கு நான்கு பங்கு வேகம் குறைத்து ஓட்டிப் பாருங்கள்.

கை நழுவுவதற்கும் சும்மாவந்தவன் சொல்லும் சதி எதுவும் தேவையில்லை. 35 மில்லிமீட்டர் சுருளில் படத்துக்கு நேராக அதன் சத்தம் இருக்காது, 20 ஃபிரேம் முன்னால் இருக்கும். படம் நின்று நின்று நகர வேண்டும், சத்தம் சீராக ஓட வேண்டும், இரண்டையும் ஒரே இடத்தில் செய்ய முடியாது, அதனால் அந்த இடைவெளி. அதையே 16 மில்லிமீட்டருக்குப் பிரதி எடுத்தால் இடைவெளி 26 ஃபிரேம். எங்காவது சுருள் அறுந்து ஒட்டுப்போட்டால், அல்லது பிரதி எடுப்பவர் இரண்டு மூன்று ஃபிரேம் தவறவிட்டால், கையும் சத்தமும் லேசாகப் பிரிந்துவிடும். ஆகவே நழுவுகிறது என்பதை வைத்து மட்டும் பின்னணி என்று தீர்ப்புச் சொல்லக் கூடாது. பொருந்துகிறது என்பதை வைத்து நேரடிப் பதிவு என்றும் சொல்லக் கூடாது, அது வேறு விஷயம்.

மரப்பெட்டி

ரீல்பெட்டி அண்ணா, இப்போதுதான் குறைத்துப் பார்த்தேன். கிட்டத்தட்ட அப்படியே சேர்ந்துவிட்டது! எட்டு மாதமாக என் காதைத் திட்டிக்கொண்டிருந்தேன். இன்னொன்று, வண்ணம் பூசி, விநாடிக்கு 60 ஃபிரேமாக வழவழவென்று ஓடும் ஒரு பிரதி கிடைத்தது. விரல் அதில் இன்னும் தெளிவாகத் தெரிகிறது, அதையே வைத்துப் பயிற்சி செய்யட்டுமா?

ரீல்பெட்டி

வேண்டவே வேண்டாம் தம்பி. 24 ஃபிரேமை 60 ஆக்கியது யார்? நடுவில் உள்ளதையெல்லாம் கணினி ஊகித்து வரைந்திருக்கிறது. ஜாங்கோ விநாடிக்கு ஏழெட்டுச் சுரம் ஓடுகிறார் என்று வைத்துக்கொள்வோம், அசல் சுருளில் ஒரு சுரத்துக்கு மூன்று ஃபிரேம்தான் கிடைக்கும். அந்த மூன்றில் விரல் எங்கே இருந்தது என்பதுதான் சாட்சி. மீதியெல்லாம் கற்பனை, சில சமயம் மடங்கிய விரலையே கணினி நீட்டி வைத்துவிடும். கறுப்பு வெள்ளையில், பொடிப்பொடியாக இருந்தாலும், பழைய பிரதியை ஃபிரேம் ஃபிரேமாக நிறுத்திப் பாருங்கள்.

வில்லும்விரலும்

எல்லோரும் கிட்டாரையே பார்க்கிறீர்கள், பாவம் கிராப்பெல்லி. நான் கர்நாடக வயலின் படித்தவள். தரையில் உட்கார்ந்து, கருவியின் சுருண்ட தலைப்பகுதியைக் காலில் ஊன்றி வாசிக்கும் எங்களுக்கு இடது கை கருவியைத் தாங்கும் பாரமே இல்லை, வழுக்கிக்கொண்டு போகலாம். இவர் நின்றுகொண்டு தாடையில் வைத்து வாசிக்கிறார், ஆனாலும் அந்த இடது கை என்ன லேசாக நகர்கிறது பாருங்கள். வலது மணிக்கட்டை அதைவிடக் கவனித்துப் பாருங்கள். வில்லை முழுசாக இழுப்பதில்லை, பெரும்பாலும் சின்னச் சின்னத் துண்டாகத்தான் பயன்படுத்துகிறார், அதனால்தான் அந்தத் தாளம் துள்ளுகிறது. தட்டைக் கேட்டபோது நான் எப்போதும் வேறு மாதிரி நினைத்திருந்தேன், நீளமான வில்லோட்டம் என்று.

இன்னொரு வேடிக்கை. கிராப்பெல்லி சின்னப் பையனாக இருந்தபோது பாரிஸ் திரையரங்கில் ஊமைப்படங்களுக்கு வாசித்து வயிறு வளர்த்தவர். பேசும்படம் வந்து அந்த மாதிரி வேலைகளையெல்லாம் ஒழித்துக்கட்டியது. அதே பேசும்படம்தான் இன்று அவர் முப்பது வயதில் எப்படி வாசித்தார் என்று நமக்குக் காட்டுகிறது. அவர் 1997 வரை இருந்தார், நம் எல். சுப்பிரமணியத்தோடு சேர்ந்து 1984இல் ஓர் இசைத்தொகுப்பும் வெளியிட்டார். அதில் இரண்டு வில்லும் எந்த இடத்தில் ஒன்றை ஒன்று பார்த்துச் சிரிக்கின்றன என்று கேட்டுக் கண்டுபிடிப்பது எனக்குப் பிடித்த விளையாட்டு.

சும்மாவந்தவன்

சரி, ஒத்துக்கொள்கிறேன், கை பொய் சொல்லவில்லை. அப்புறம் ஏன் ஒரே ஒரு படம்? அமெரிக்காக்காரர்களை மட்டும் விழுந்து விழுந்து எடுத்திருக்கிறார்களே. ஐரோப்பாவில் கேமராவே இல்லையா?

பழந்தட்டு

கேமரா இருந்தது. ஆனால் கேமராவைப் பொறுத்தவரை வாத்தியக்காரர் எப்போதும் ஓரத்தில் நிற்கும் ஆள். 1930இல் பெர்லினில் எடுத்த 'ப்ளூ ஏஞ்சல்' படத்தில் மார்லீன் டீட்ரிச்சைப் பார்த்தவர்கள் கோடிப் பேர். அவருக்குப் பின்னால் மேடையில் இருப்பது வைன்ட்ராப் சின்கோபேட்டர்ஸ் என்ற அன்றைய முக்கியமான பெர்லின் ஜாஸ் குழு என்று எத்தனை பேர் கவனித்திருப்பார்கள்? ஹிட்லர் வந்ததும் 1933இல் நாட்டைவிட்டு வெளியேறி, சுற்றிச் சுற்றிக் கடைசியில் ஆஸ்திரேலியா போய்ச் சேர்ந்தார்கள்.

பிரிட்டனில் ஜாக் ஹில்டன் போன்ற பெரிய நடனக் குழுக்காரர்களுக்குப் பாத்தே நிறுவனத் துண்டுப்படங்களும் முழுநீளப் படங்களும் கிடைத்தன. ஆனால் அதில் பாதி நகைச்சுவை, பாதி தொப்பி மாற்றுவது. பிரான்சில் ரே வெந்துரா குழுவும் அப்படித்தான், 1939இல் 'தூர்பியோன் தெ பாரி' என்ற படத்தில் குழு மொத்தமும் நடித்தது. பார்க்கக் கலகலப்பாக இருக்கும், யார் எந்தச் சுரத்தில் விரல் வைத்தார் என்று மட்டும் கேட்காதீர்கள். ஸ்வீடனில் 1940இல் 'ஸ்விங் இட், மஜிஸ்தெர்ன்' என்ற படம், பதினாறு வயது ஆலிஸ் பாப்ஸ் அதில் பாடி நாடு முழுக்கப் பெயர் வாங்கினார், பின்னால் அமெரிக்க ஜாஸ் மேதை டியூக் எலிங்டனோடு பாடும் அளவுக்குப் போனவர். ஆனால் அதுவும் பள்ளிக்கூடக் கதைப்படம்தான்.

வாசிப்பையே பொருளாக வைத்து எடுத்தது என்றால் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது 1933இல் கோபன்ஹேகனில் எடுத்தது. டிரம்பெட்காரர் லூயி ஆம்ஸ்ட்ராங் மூன்று பாட்டு, டென்மார்க் படம் ஒன்றுக்காக. அவர் அமெரிக்கர் என்றாலும் கூட இருந்தது ஐரோப்பாவில் சேர்த்த குழு. அந்த 'டைகர் ராக்' வேகத்தைப் பார்த்துவிட்டு 'ஜாத்தாந்த்ரே' பாருங்கள், முன்னவர் கேமராவைச் சாப்பிட்டுவிடுவார், பின்னவருக்கு எதிரே கேமரா இருப்பதாகவே நினைவில்லை. எனக்குப் பின்னவர்தான் பிடிக்கும், அது என் குறை.

அப்புறம் போர். 1939 செப்டம்பரில் போர் அறிவித்தபோது ஐவர் குழு லண்டனில் இருந்தது. ஜாங்கோ பிரான்சுக்குத் திரும்பினார், கிராப்பெல்லி லண்டனிலேயே தங்கிவிட்டார். படத்தில் பார்க்கிறோமே அந்த ஜோடி, படம் எடுத்த அடுத்த வருடமே பிரிந்துவிட்டது. இரண்டாவது படம் எங்கிருந்து வரும்?

ரீல்பெட்டி

இந்தக் கதையில் எனக்கு எப்போதும் தொண்டையில் சிக்கும் ஒன்றைச் சொல்கிறேன். அந்தக் காலத்து 35 மில்லிமீட்டர் படச்சுருளின் அடித்தளம் செல்லுலோஸ் நைட்ரேட், கற்பூரம் கலந்து வளையும்படி செய்தது. செல்லுலாய்டு என்றால் அதேதான். ஜாங்கோவின் கையைச் சுட்ட பூக்களும் அந்தக் கையைப் பிடித்துவைத்த சுருளும் ஒரே பொருள். தீப்பிடித்தால் அணைக்க முடியாது, தண்ணீருக்குள் போட்டாலும் எரியும், ஏனென்றால் எரிய வேண்டிய ஆக்ஸிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. 1950களின் தொடக்கத்தில்தான் இந்தச் சுருளைத் தயாரிப்பதை நிறுத்தினார்கள். நான் வேலை பார்த்த இடத்தில் நைட்ரேட் பெட்டி வந்தால் தனி அறை, தனி ஆள், பீடி பிடிப்பவருக்கு உள்ளே அனுமதி கிடையாது. ஒருமுறை மூடியைத் திறந்தபோது தேன் மாதிரி உருகி ஒட்டிப்போயிருந்தது, அதில் என்ன இருந்தது என்று கடைசிவரை யாருக்கும் தெரியாது.

கடைசிவரிசை

பல நாளாகப் படித்துக்கொண்டு மட்டும் இருந்தேன். கை பொய் சொல்லாது என்று பழந்தட்டு சார் சொன்னதால் எழுதத் தோன்றியது. கை பொய் சொல்லாமல், மற்ற எல்லாமே பொய்யான ஒரு படம் இருக்கிறது.

செக் நாட்டில் தெரேசியென்ஸ்டாட். நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த கோட்டை ஊர். அங்கே கைதிகளுக்குள்ளேயே ஒரு ஜாஸ் குழு உருவானது, பெயர் கெட்டோ ஸ்விங்கர்ஸ். 1944 ஜூன் 23 அன்று செஞ்சிலுவைச் சங்கத்தார் பார்வையிட வந்தபோது ஊருக்குச் சுண்ணாம்பு அடித்து, கடைகளில் பொருள் வைத்து, மண்டபத்தில் இசை வைத்துக் காட்டினார்கள். அது பலித்துவிட்டது. உடனே ஆகஸ்டிலும் செப்டம்பரிலும் அதையே படமாகவும் எடுத்தார்கள். இயக்கும்படி கட்டாயப்படுத்தப்பட்டவர் கைதியாக இருந்த நடிகர் குர்த் கெரோன், பழந்தட்டு சார் சொன்ன அதே 'ப்ளூ ஏஞ்சல்' படத்தில் மந்திரவாதியாக நடித்தவர்.

அந்தப் படத்தில் ஸ்விங்கர்ஸ் வாசிக்கிறார்கள். பியானோக்காரர் மார்டின் ரோமன் நடத்துகிறார். வாசிப்பு நிஜம், நல்ல வாசிப்பு. படப்பிடிப்பு முடிந்த சில வாரத்தில், செப்டம்பர் கடைசியிலிருந்து ஒரு மாதத்துக்குள், 18 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களை அங்கிருந்து ஆஷ்விட்ஸ் கொலை முகாமுக்கு ரயிலேற்றினார்கள். கெரோனும் போனார், குழுவும் போனது. கெரோன் அங்கே கொல்லப்பட்டார், கிளாரினெட் வாசித்த ஃபிரிட்ஸ் வைஸும். படத்தை யாருக்காக எடுத்தார்களோ அவர்களுக்கு அது பொதுவில் காட்டப்படவே இல்லை, இப்போது துண்டுதுண்டாகத்தான் மிஞ்சியிருக்கிறது.

சும்மாவந்தவன்

இதற்கு என்ன எழுதுவது என்று தெரியவில்லை. "முழுக்க நாடகம்" என்று முதலில் நான் எழுதியதைப் படித்தால் இப்போது கூச்சமாக இருக்கிறது.

பழந்தட்டு

நன்றி கடைசிவரிசை. அந்தக் குழுவில் டிரம்ஸ் வாசித்தது கோகோ ஷூமன் என்ற பெர்லின் பையன், அப்போது இருபது வயது. அவர் அசலில் கிட்டார்காரர். ஆஷ்விட்ஸிலும் காவலர்களுக்கு வாசிக்கவைத்தார்கள், பிழைத்தார், போருக்குப் பின் பெர்லினில் மறுபடி கிட்டார் எடுத்தார். பல பத்து வருடம் இதைப் பற்றி வெளியில் பேசவில்லை, 1990களில்தான் நினைவுக்குறிப்பு வந்தது. 2018இல் காலமானார். மார்டின் ரோமனும் பிழைத்து அமெரிக்கா போனார்.

இதை ஸ்விங் (அந்தக் காலத்துத் துள்ளல் ஜாஸ்) காணொளிப் பட்டியலில் மற்றதோடு சேர்த்துப் போடலாமா என்று ஒருமுறை என் நண்பர்களுக்குள் பெரிய சண்டை. போடக் கூடாது என்பது என் கட்சி. எடுத்தவன் எதற்காக எடுத்தானோ அதையே நாமும் செய்வதாக ஆகிவிடும், "பார், எவ்வளவு சந்தோஷமாக வாசிக்கிறார்கள்" என்று.

வில்லும்விரலும்

இதில் உங்களோடு ஒத்துப்போக மாட்டேன் சார். போடாமல் விட்டால் அந்த ஆட்கள் வாத்தியக்காரர்களாக இருந்தது மறைந்து, கைதிகளாக இருந்தது மட்டும் மிஞ்சும். ஃபிரிட்ஸ் வைஸ் நல்ல கிளாரினெட்காரர், அதற்காகவும் அவரை ஒருமுறை கேட்க வேண்டும். என்ன நடந்தது என்று நான்கு வரி எழுதிவிட்டுப் போடுங்கள், பட்டியலின் நடுவில் சொருகாமல் தனியாக. ஷூமனின் கை டிரம்ஸில் எப்படி இருக்கிறது என்று பார்ப்பது தவறென்று எனக்குத் தோன்றவில்லை.

பழந்தட்டு

நான்கு வரி எழுதிவிட்டு என்கிறீர்கள். நான்கு வரியை யார் படிக்கிறார்கள் அம்மா, நேராகப் படத்தைத்தான் அழுத்துவார்கள். ஆனாலும் யோசிக்கிறேன்.

மரப்பெட்டி

நான் கேட்டது சுருதிக் கேள்வி, இழை எங்கேயோ போய்விட்டது, நல்லதுக்குத்தான். இரண்டு நாளாக மேலே உள்ளதையெல்லாம் மறுபடி படித்தேன், தெரேசியென்ஸ்டாட் துண்டையும் பார்த்தேன். ஒருமுறைதான். சத்தத்தை நிறுத்திவிட்டு.

ரீல்பெட்டி அண்ணா சொன்னபடி பழைய பிரதியை நான்கு பங்கு குறைத்து, ஃபிரேம் ஃபிரேமாகத் தனிவாசிப்பின் முதல் பகுதியைப் பார்த்து முடித்தேன். மேலே ஏறும் ஓர் ஓட்டத்தை நான் இத்தனை நாள் ஒரே இடத்தில் கையை வைத்துக் கம்பி விட்டுக் கம்பி தாண்டி வாசித்துக்கொண்டிருந்தேன், நான்கு விரல் உள்ளவன் வசதிக்கு. அவர் அப்படிச் செய்யவில்லை. ஆள்காட்டி விரல், நடுவிரல், அப்புறம் கை மொத்தமும் கழுத்தில் மேலே நகர்கிறது, மறுபடி அதே இரண்டு விரல். தட்டில் கேட்டபோது ஒவ்வொரு இரண்டு சுரத்துக்கும் நடுவில் ஒரு சின்ன வெட்டு இருப்பதாகத் தோன்றும், அது பாணி என்று நினைத்தேன். கை நகரும் நேரம் அது!

மோதிர விரலையும் சுண்டு விரலையும் ரப்பர் வளையம் போட்டுக் கட்டிவிட்டு அந்த ஓர் ஓட்டத்தை நேற்று இரவு இருநூறு முறையாவது வாசித்திருப்பேன். எட்டாவது முறையோடு மனைவி கதவைச் சாத்திவிட்டாள்.